நம் வீட்டுக் கசிப்புப் பெட்டி

நம் வீட்டில் விளையாட்டுப் பெட்டியைப் போட்டால் முதல் ரிமோட் மாமாவின் கைக்குத்தான் போக வேண்டும். இது நான் போட்ட சட்டம். சின்னவன் இதற்காக என்னோடு சண்டை பிடிக்கிறான். "பொட்டி நம்ம பொட்டி, வீடு நம்ம வீடு, மாமாவுக்கு ஏன்ப்பா மொதல்ல?" என்று கேட்கிறான். பெரியவள் கேட்பதில்லை. ஆனால் அவளுக்கும் முழுக்கதை தெரியாது. பிள்ளைகளே, சட்டம் போட்ட அன்றைக்கு நீங்கள் இருவரும் டீவித் திரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். எனக்குக் காது சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தது. அதனால் எழுதி வைக்கிறேன். நான் ஒன்பதாம் வகுப்போடு பாடசாலையை விட்டவன். எழுத்துப் பிழை இருந்தால் பெரியவள் திருத்தட்டும். விஷயத்தைத் திருத்த வேண்டாம்.

மாமா உங்கள் அம்மாவின் அண்ணன். எனக்கு மச்சான். வெளிநாட்டில் லொறி ஓட்டிவிட்டுத் திரும்பி வந்து, நம் லயத்தின், அதாவது தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளின், தொங்கலில் இருக்கும் கடைசி வீட்டில் அத்தையோடு இருக்கிறார். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. நாம் அதற்கு அடுத்த வீடு. வரும்போது அவர் கொண்டுவந்த சாமான்களில் ஒரு வெள்ளைப் பெட்டி இருந்தது. டீவியில் மாட்டி, ரிமோட்டைக் கையில் பிடித்து வீசினால் திரையில் பந்து போகும். பழைய மாடல்தான். அங்கே யாரோ வேண்டாம் என்று ஒதுக்கியது. ஆனால் அதற்குள் எங்கெங்கோ இருக்கிற ஆட்கள் வீட்டில் இருந்தபடி எழுதி, சும்மா கொடுத்த விளையாட்டுகள் நிறைய ஏறியிருந்தன.

அதற்குப் பிறகு நீங்கள் இரண்டு பேரும் நம் வீட்டில் சாப்பிடவும் தூங்கவும் மட்டும் வந்தீர்கள்.

லயத்து வீடுகளுக்கு நடுச்சுவர் கூரை வரைக்கும் போகாது என்பது உங்களுக்குத் தெரியும். ஒரு வீட்டில் தாளித்தால் பக்கத்து வீட்டில் தும்முவார்கள். நான் தேயிலைத் தொழிற்சாலையில் கொழுந்து உருட்டும் ரோலர் ஓட்டிவிட்டு, காதுக்குள் மெஷின் இரைச்சலோடு வந்து, தேத்தண்ணிக் கோப்பையோடு உட்காருவேன். சுவருக்கு மேலே உங்கள் சிரிப்பு வரும். சின்னவனின் சிரிப்பு விக்கல் மாதிரி விட்டு விட்டு வரும். பெரியவள் சிரிப்பதே அபூர்வம், அவளும் சிரிப்பாள். "மாமா! மாமா! இன்னொருக்கா!" என்று சத்தம் வரும். என் பிள்ளைகளின் சிரிப்பு என் வீட்டுக்கு, கூரை இடுக்கு வழியாக, இன்னொருத்தர் வீட்டிலிருந்து வந்தது. அந்தத் தேத்தண்ணிக்கு எத்தனை சீனி போட்டாலும் இனிக்கவில்லை.

ஒருநாள் சாப்பிடும்போது சின்னவன் சொன்னான்: "அப்பா, மாமாவுக்குத் தெரியாததே இல்ல. ஒங்களுக்கு ரோலர் மட்டுந்தானே தெரியும்?"

அவன் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. உங்கள் அம்மா தலையைக் குனிந்து சிரிப்பை அடக்கினாள். அதுதான் எனக்கு மிளகாயைக் கடித்த மாதிரி இருந்தது.

அடுத்த விடுமுறைக்கு நான் பொகவந்தலாவையிலிருந்து ஹட்டனுக்கு பஸ் ஏறினேன். ஜப்பானில் பாவித்துக் கழித்த பழைய சாமான் விற்கிற கடை ஒன்று அங்கே இருக்கிறது. குளிர்சாதனப் பெட்டிக்கும் சைக்கிள்களுக்கும் நடுவே அதே மாதிரி வெள்ளைப் பெட்டி கிடந்தது. கடைக்காரர், "இது ஜப்பான் கரண்டுக்குச் செஞ்சது, நேரே சொருகினா புகைஞ்சிரும்" என்று சொல்லி, கரண்டைக் குறைத்துக் கொடுக்கிற கனமான ஒரு டிரான்ஸ்போமரையும் சேர்த்துக் கட்டிக் கொடுத்தார். பஸ் வளைவுக்கு வளைவு சாய, இரண்டையும் மடியில் பிள்ளை மாதிரி வைத்துக்கொண்டு வந்தேன்.

வீட்டுக்கு வந்து மாட்டினால் திரை முழுக்க ஜப்பான் எழுத்து. பெட்டியோடு வந்த சீடித் தட்டைப் போட்டால் உள்ளே கரகரவென்று சத்தம், பிறகு ஒன்றும் இல்லை. தட்டு வாசிக்கிற கண் போய்விட்டது. நீங்கள் இரண்டு நிமிடம் பார்த்தீர்கள். மூன்றாவது நிமிடம் சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தீர்கள்.

அன்று சாயங்காலமே மச்சான் இஸ்தோப்பில், வாசல் திண்ணையில், வந்து நின்றார். கையில் ஒரு மெமரி கார்ட்.

"மாப்ள, என் கார்ட்ல இருக்கிறதயெல்லாம் அப்புடியே ஏத்திருங்க. தட்டே தேவையில்ல. அஞ்சு நிமிச வேல."

"இல்ல மச்சான், நானே பாத்துக்கிறேன்."

"ரிமோட்ட எந்தப் பக்கம் புடிக்கிறதுன்னாச்சும் தெரியுமா?" என்று சிரித்தார். நீங்களும் சிரித்தீர்கள். நான் அந்தக் கார்டைத் தொடவே இல்லை. அவர் கார்டைப் போட்டு அந்தப் பெட்டி ஓடினால், நம் வீட்டில் வரும் சிரிப்பும் அவருடையதாகத்தானே இருக்கும்?

அதனால் போனில் தேட ஆரம்பித்தேன். தமிழில் ஒருவர் விளக்குகிற வீடியோக்கள் கிடைத்தன. அவர் பத்துச் சொல்லில் எட்டை இங்கிலீஷில் சொல்வார். "ஹோம்புரூ, ஹோம்புரூ" என்று அடிக்கடி வந்தது. கம்பனிக்காரன் போடாத மென்பொருளுக்கு அதுதான் பெயர் என்று பிறகு புரிந்தது. அன்றைக்குப் புரியவில்லை. மறுநாள் தொழிற்சாலையில் எங்கள் பெரிய அதிகாரி டீமேக்கர் ஐயா நல்ல மனநிலையில் இருந்த நேரம் பார்த்துக் கேட்டேன்.

"ஐயா, ஹோம்புரூன்னா என்னங்க?"

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "வீட்டுல காய்ச்சுறது. ஏன்? யாரு காய்ச்சுறா?"

"யாரும் இல்லைங்க. நான்தான் வீட்டுல போடலாம்னு..."

"கிட்ட வா. ஊது."

ஊதினேன். தேயிலைத் தூள் வாசம் மட்டும் வந்திருக்கும். ஆனால் பக்கத்தில் நின்றவர்கள் அதற்குள் கதையைக் கட்டிவிட்டார்கள். சாயங்காலம் நான் வீட்டுக்கு வருவதற்கு முன்பே உங்கள் அம்மாவுக்குச் செய்தி வந்திருந்தது.

"என்னங்க, கசிப்புக் காய்ச்சப் போறீங்களாமே? புள்ளைங்க இருக்கிற வீட்டுலயா?"

போனைக் காட்டி விளக்கினேன். அவள் நம்பின மாதிரி இல்லை. சுவருக்கு மேலே மச்சானின் குரல் வந்தது: "என்னா மாப்ள, கோடா ஊறிருச்சா? எனக்கும் ஒரு போத்தல்!" கசிப்பு என்கிற கள்ளச் சாராயம் காய்ச்சுகிறவர்கள் ஊறப்போடும் கலவைக்குப் பெயர் கோடா. அன்றிலிருந்து லயத்துக்கே நம் பெட்டி கசிப்புப் பெட்டி ஆனது. விளையாட்டு ஒன்றும் ஓடாத பெட்டிக்குப் பெயர் மட்டும் வந்தது.

பிள்ளைகளே, இங்கே கொஞ்சம் கவனமாகப் படியுங்கள். நாளைக்கு நீங்களும் எதையாவது ஏற்றப் போவீர்கள். அவசரப்பட்டால் என்ன ஆகும் என்று நான் படித்ததைச் சொல்கிறேன்.

அந்தப் பெட்டிக்குள் அதன் மூளை மாதிரி ஒரு நினைவகம் இருக்கிறது. எதையும் ஏற்றும் முன் அந்த நினைவகம் முழுவதையும் அப்படியே ஒரு படி எடுத்து, கார்டில் வைத்து, அதை இன்னோர் இடத்திலும் வைக்க வேண்டும். தெரியாத ஆள் கொடுக்கும் மென்பொருள் பொதியைப் போடக்கூடாது. பெட்டியோடு வந்த அடிப்படைப் பொதிகளைத் தொடவே கூடாது. ஏற்றிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போகவே கூடாது. பாதி எழுதிய மூளையோடு பெட்டி செத்துவிடும். நம் பெட்டி கொஞ்சம் பிந்திய தயாரிப்பு. அது அப்படிச் செத்தால், எடுத்து வைத்த படியைத் திருப்பிப் போடுவதற்குக் கூட வழி இராது. கதவுக்கு முட்டுக் கொடுக்கத்தான் உதவும்.

இன்னொன்று, நாடு. பெட்டியின் செட்டிங் பக்கத்தில் மூலையில் ஓர் எண்ணும் அதன் பின்னால் ஓர் இங்கிலீஷ் எழுத்தும் இருக்கும். நம்முடையதில் J. மச்சான் பெட்டியில் E. சும்மா பார்க்கிற மாதிரி அவர் வீட்டில் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். விளையாட்டுகள் எந்தப் பெட்டியிலும் ஓடும். ஆனால் மச்சானின் கார்டில் விளையாட்டுகளோடு அவர் பெட்டியின் அடிப்படைப் பொதிகளும் இருந்தன. ஒரு நாட்டுப் பெட்டிக்கு இன்னொரு நாட்டின் அடிப்படைப் பொதியைப் போட்டால், அடுத்தமுறை போடும்போது அது எழும்பாது. என் பாட்டனைப் பிடித்துவைத்து, நீ இந்தியாவா சிலோனா என்று கேட்டார்களாம். ஊர் விட்டு ஊர் வந்த பெட்டியையும் அந்தக் கேள்வி விடவில்லை.

இதைப் படித்தபோது எனக்கு வந்த சந்தோஷத்தை இப்போதும் மறைக்க மாட்டேன். மச்சானின் கார்டை "அப்புடியே" ஏற்றியிருந்தால் பெட்டி அன்றைக்கே போயிருக்கும். என் பொறாமைதான் அதைக் காப்பாற்றியது. ஓடிப்போய் அவரிடம் சொன்னேன்.

"மச்சான், ஒங்களது E. நம்மளது J. ஒங்க கார்ட போட்டிருந்தா செத்திருக்கும்."

"E ன்னா இங்கிலீசு, J ன்னா ஜப்பான். எல்லாம் மெஷின்தானே மாப்ள?" என்றார். ஆனால் முகம் கொஞ்சம் மாறியது. அதைப் பார்த்துவிட்டுத்தான் வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை என்று முடிவு செய்தேன். காலையில் வானம் தெளிவாக இருக்கும். அந்த மாதங்களில் இடி மத்தியானத்துக்குப் பிறகுதான் வரும். ஆனால் அன்று காலையில் கரண்டே இல்லை. ரோட்டில் எங்கோ மரம் விழுந்து கம்பி அறுந்ததாம். சாப்பாட்டு நேரம் தாண்டித்தான் வந்தது. நாளைக்குச் செய்யலாம் என்றேன். சின்னவன் செருப்பைப் போட்டான். "அப்ப நான் மாமா வீட்டுக்குப் போறேன்."

நான் பெட்டியைப் போட்டேன்.

ஒரு விஷயம் சொல்ல வேண்டும். தொழிற்சாலையில் மெஷினுக்குள் ஆள் கை வைத்து வேலை செய்யும்போது அதன் சுவிட்சில் ஒரு சிவப்பு போர்ட் தொங்கும். தொங்கவிட்டவன் எடுக்கும் வரைக்கும் வேறு யாரும் அந்தச் சுவிட்சைத் தொடமாட்டார்கள். அன்றைக்கும் ஓர் அட்டையில் எழுதி லயத்து மெயின் சுவிட்சில் மாட்டியிருக்கலாம். ஏனென்றால் நம் லயத்தில் ஒரு வழக்கம்: முதல் இடி கேட்டதும் யாராவது ஓடிப்போய் மெயினை இறக்கிவிடுவார்கள். ஒருமுறை மின்னல் கம்பி வழியாக வந்து ஒரு வீட்டு டீவியைக் கருக்கியதிலிருந்து இப்படி. ஆனால் அந்த மெயின் இருப்பது மச்சான் வீட்டு வெளிச்சுவரில். அட்டையை மாட்டினால் அவர் வந்து ஏன் என்று கேட்பார். கேட்டால் உள்ளே வருவார். வந்தால் உட்காருவார். உட்கார்ந்தால் ரிமோட்டை வாங்குவார். மாட்டவில்லை.

முதல் பகுதி நன்றாகப் போனது. பெட்டித் திரையின் தபால் பக்கத்தில், வீடியோவில் சொன்னபடியே ஒரு சிவப்பு உறை வந்து நின்றது. அதை அழுத்தினதும் வெளி மென்பொருளை ஏற்றுகிற கதவு திறந்தது. பெரியவள் இங்கிலீஷ் வாசித்தாள், நான் வீடியோவில் பார்த்ததோடு ஒப்பிட்டேன். என் போனிலிருந்து கழற்றிய கார்டில் படி எடுத்து முடித்தோம். அதைப் பெரியவளின் பாடசாலை டேப்லெட்டிலும் போட்டோம். பிறகு, விளையாட்டு ஓட உதவும் புதிய பொதிகளில் முதலாவது. J தானா என்று மூன்று பேரும் பார்த்த பிறகுதான் அழுத்தினேன். ஏறிவிட்டது. இரண்டாவது கொஞ்சம் பெரியது. திரையில் ஒரு கோடு மெல்ல நீண்டது. அதற்குக் கீழே பெரிய இங்கிலீஷ் எழுத்தில், கரண்டை அணைக்காதே என்று இருந்தது.

கோடு பாதி வந்தபோது மலைக்கு அந்தப் பக்கம் இடி உருண்டது.

நடு வீட்டுப் பெரியம்மாவின் குரல் வந்தது: "மெயின எறக்குங்கடா! யாரு இருக்கா அங்க?" அவர் கதவைத் திறக்கும் சத்தமும் கேட்டது. பெரியவள் என்னைப் பார்த்தாள். திரையில் அடுத்து என்ன கேட்கும் என்று தெரியாமல் நான் பெட்டியை விட்டு எழும்ப முடியாது. வேறு வழி இல்லை. எந்தச் சுவருக்கு மேலே இத்தனை நாளாகச் சிரிப்பு வந்ததோ, அந்தச் சுவரைப் பார்த்துக் கத்தினேன்.

"மச்சான்! மெயின எறக்க விடாதீங்க! ஏறிக்கிட்டிருக்கு! பாதியில நிக்குது!"

அந்தப் பக்கம் அவர் பெட்டியின் பாட்டுச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. தனியாக விளையாடிக்கொண்டிருந்திருக்கிறார். ஒரு நாற்காலி சாய்ந்த சத்தம். பிறகு அவர் குரல் வெளியிலிருந்து வந்தது. மழை தகரத்தில் விழ ஆரம்பித்திருந்தது.

"பெரியம்மா, கை வைக்காதீங்க! ரெண்டு நிமிசம்!"

"எங்க டீவி போனா நீ வாங்கிக் குடுப்பியா? தள்ளு!"

"தள்ளமாட்டேன். கசிப்பு எறங்கிக்கிட்டிருக்கு, இப்ப நிப்பாட்டினா கெட்டுப்போயிரும்!"

"அடப் பாவி, பட்டப்பகல்லயா?"

"பெரியம்மா, நீங்க போயி பிளக்க கழட்டுங்க. எல்லாரும் பிளக்க கழட்டுங்க! டீவி, ரேடியோ, போன், எல்லாத்தயும்! வீட்டுக்கு வீடு சொல்லுங்க!"

மெயினடியில் நின்றபடியே அவர் போட்ட குரல் லயத்தின் இந்த முனையிலிருந்து அந்த முனைக்குப் போனது. ஒவ்வொரு வீட்டிலும் ஓடுகிற சத்தம் கேட்டது. கோடு நீண்டது. நின்றது. மறுபடி நீண்டது. சின்னவன் என் சட்டையைப் பிடித்திருந்தான். அப்போது ஜன்னல் முழுவதும் வெள்ளையானது. பல்ப் ஒருதரம் பளிச்சென்று எரிந்து அடங்கியது. டிரான்ஸ்போமர் வண்டு மாதிரி முனகியது. திரை நடுங்கியது, ஆனால் போகவில்லை.

கோடு கடைசிக்கு வந்தது. பெரியவள் வாசித்தாள்: "சக்ஸஸ்."

"எறக்குங்க மச்சான்!" என்று கத்தினேன். டக்கென்று இருட்டானது. நீங்கள் இரண்டு பேரும் இருட்டில் குதித்தீர்கள். நானும் குதித்தேன்.

மழை விட்டு, மெயினைத் தூக்கியதும் நம் பெட்டி எழும்பியது. லயத்துப் பிள்ளைகள் எல்லாம் நம் வீட்டில் கூடிவிட்டார்கள். தட்டு இல்லாமலே பந்து போனது, மீன் நீந்தியது, கார் ஓடியது. உங்கள் அம்மா எல்லாருக்கும் ரொட்டி சுட்டாள். சின்னவன் விக்கல் மாதிரி சிரித்தான். அதை நான் அதே அறையில் இருந்து, அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டே கேட்டேன். எனக்கு அன்றைக்கு வேறு ஒன்றும் தேவைப்படவில்லை.

கொஞ்ச நேரம் கழித்துத்தான் கவனித்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு சத்தமும் இல்லை.

போய்ப் பார்த்தேன். மச்சான் ஈரச் சட்டையோடு தரையில் உட்கார்ந்து, பெட்டியின் வயர்முனையை மூக்கில் வைத்து முகர்ந்துகொண்டிருந்தார். கருகின வாசம் எனக்கும் வந்தது. லயம் முழுக்க பிளக்கைக் கழற்றச் சொன்னவர், மெயினை விட்டு நகர முடியாமல், தன் வீட்டுப் பிளக்கைக் கழற்றவில்லை. அத்தை அப்போது ஆற்றில் துணி துவைத்துவிட்டு மழையில் ஒதுங்கியிருந்தார். நம் பெட்டியை டிரான்ஸ்போமர் காப்பாற்றியதா, அதிர்ஷ்டமா, எனக்குத் தெரியாது. அவர் பெட்டிக்கு முன்னால் ஒன்றும் இருக்கவில்லை.

"போச்சு மாப்ள" என்றார். "E காரன் ஊருக்குப் போயிட்டான்."

வயரை வாங்கிப் பார்த்தேன். மனசுக்குள் ஒரு மூலையில், இனிமேல் பிள்ளைகள் நம் வீட்டில்தான் என்று ஓர் எண்ணம் வந்தது. வந்ததை வரவில்லை என்று உங்களுக்கு எழுத மாட்டேன்.

நான் திரும்பி வந்து கொஞ்ச நேரத்தில் அவரும் வந்து நம் கதவில் நின்றார். உள்ளே வராமல் நின்றார். இத்தனை நாளில் அவர் அப்படி நின்று நான் பார்த்ததில்லை.

"என்னா மச்சான்?"

"ஒண்ணுமில்ல. புள்ளைங்க சத்தம் செவுத்துக்கு மேல வந்துச்சு. சும்மா இருக்க முடியல, மாப்ள."

எந்தச் சத்தம், எந்த இடுக்கு, அதைக் கேட்டுக்கொண்டு உட்காருவது எப்படி இருக்கும் என்று அந்த லயத்தில் எனக்குத் தெரிகிற அளவு வேறு யாருக்கும் தெரியாது. சின்னவன் கையில் இருந்த ரிமோட்டை வாங்கி அவர் கையில் கொடுத்தேன். சின்னவன் முறைத்தான். அன்றைக்குப் போட்ட சட்டம்தான் இன்றுவரை நடக்கிறது.

அவர் உட்கார்ந்தார். ரிமோட்டை ஒருதரம் கையில் சுழற்றிவிட்டு வீசினார். ஒரே வீச்சில் திரையில் பந்து உருண்டு போய், எதிரே நின்ற எல்லாக் கட்டையும் விழுந்தது. நான் பெட்டி எழும்பியதிலிருந்து முயற்சி செய்து ஒருதரமும் விழுத்தாதது.

"மாமான்னா மாமாதான்!" என்று நீங்கள் இரண்டு பேரும் கத்தினீர்கள்.

நான் எழும்பி அடுப்படிக்குப் போய்த் தேத்தண்ணி ஊற்றினேன். ஒரு கோப்பை எனக்கு, ஒரு கோப்பை அவருக்கு. என்னுடையதில் ஒரு கரண்டி சீனி கூடுதலாகப் போட்டேன்.